பிறக்கும்போதே பெரியவர்

நடிகர் வி.கே.ராமசாமிக்கு வாலிபம் என்று ஒன்று இருந்திருக்காது என்றுதான் நரிக்குடிப் பக்கம் நாங்கள் எல்லோரும் நினைத்துக்கொண்டிருந்தோம். டூரிங் கொட்டகையில் மணலைக் குவித்து உட்கார்ந்து பார்த்த காலத்திலும் அவர் அப்பாதான், பெரியப்பாதான், மிஞ்சிப்போனால் தாத்தா. சிரித்தோம், வேட்டியை உதறிக்கொண்டு வீட்டுக்குப் போனோம். அந்த ஆள் எந்த ஊர் என்று ஒருத்தரும் கேட்கவில்லை.

விருதுநகர். அருப்புக்கோட்டையில் பஸ் மாறினால் போய்ச் சேர்ந்துவிடலாம். 1926-ல் பிறந்தவர். சின்ன வயதிலேயே நாடகக் கம்பெனிக்குப் போய்விட்டவர். 1947-ல் வந்த ஏவி.எம்.மின் ‘நாம் இருவர்’ படத்தில் கள்ளச்சந்தை வியாபாரி சண்முகம் பிள்ளையாக, முதியவர் வேடம் கட்டியபோது அவருக்கு 21 வயதுதான். படம் எடுத்த இடம் காரைக்குடி. அதுவும் எங்களுக்கு அடுத்த சீமைதான். நரையை மேக்கப்காரர் ஒட்டிவிடலாம். காசைக் கணக்குப் பண்ணும் பெரிய மனுசனின் இழுவைப் பேச்சை, பாதிப் பேச்சில் குரல் சட்டென்று மேலே ஏறுவதை யார் ஒட்டிவிட முடியும்? அது எங்கள் கடைத்தெரு அண்ணாச்சிகளின் பேச்சு. பலசரக்குக் கடையில் தினமும் கேட்டுப் பழகியதாலேயே அதை நடிப்பு என்று நாங்கள் மதிக்கவில்லை.

நாலு எழுத்துப் படித்து, வெளியூரில் ஃபிலிம் சொசைட்டிப் பக்கம் ஒதுங்கிய எங்கள் பிள்ளைகள் கதை இன்னும் மோசம். ஜப்பானிய இயக்குநர் ஓசுவின் ‘டோக்கியோ ஸ்டோரி’யில் (1953) 49 வயது சிஷு ரியூ, எழுபது வயதுத் தகப்பனாக உட்கார்ந்திருக்கும் அழகை மணிக்கணக்கில் பேசுவார்கள். பேசட்டும், பேச வேண்டிய நடிப்புதான். ரியூ குரலை உயர்த்தவே மாட்டார், வி.கே.ஆர். தாழ்த்தவே மாட்டார். ஆனால் இல்லாத வயதைச் சுமந்து நடக்கிற வித்தை இரண்டு பேருக்கும் ஒன்றுதானே?

1985-ல் ‘ஆண் பாவம்’ வந்தபோது அவருடைய வயது வேடத்தை எட்டிப் பிடித்திருந்தது. ஊரில் சினிமாக் கொட்டகை திறக்கும் ராமசாமி அண்ணாச்சி அவர்; பாட்டியாகக் கொல்லங்குடி கருப்பாயி. இரண்டு பேரும் எங்கள் வட்டாரம். நாங்களோ பாண்டியராஜன் பண்ணிய சேட்டையைப் பேசிக்கொண்டே வீடு வந்து சேர்ந்தோம். ‘எனது கலைப்பயணம்’ என்று தன் கதையை அவரே எழுதியும் வைத்தார். அதைப் புரட்டிப் பார்த்தவரை எங்கள் பக்கம் தேடத்தான் வேண்டும்.

நடிகர்களை மதிக்கத் தெரியாதவர்கள் என்றும் எங்களைச் சொல்ல முடியாது. 1977-ல் எம்.ஜி.ஆரை ஜெயிக்கவைத்துக் கோட்டைக்கு அனுப்பியது அருப்புக்கோட்டைதான். அவர் இறந்தது 1987 டிசம்பர் 24. வருசா வருசம் அன்றைக்கு முக்குக்கு முக்கு ஸ்டூல் போட்டு, படம் வைத்து, மாலை சாத்தி, ஸ்பீக்கர் கட்டிவிடுவோம். வி.கே.ஆர். 2002-ல் இறந்ததும் அதே டிசம்பர் 24-ல்தான். பக்கத்தில் இன்னொரு ஸ்டூலுக்கு இடமில்லாமல் இல்லை. படத்துக்கு எங்கே போவது என்று யாராவது கேட்டால்தான் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்ப்போம்.