வீடு இருக்கு... உங்களுக்கு இல்லை!

‘டு-லெட். சைவம் மட்டும்.’

மயிலாப்பூர், தி.நகர், மேற்கு மாம்பலம், நங்கநல்லூர் என்று சென்னையில் ஒரு ரவுண்டு வந்தால் இந்த அட்டை கண்ணில் படாமல் தப்பிக்க முடியாது. தமிழ்நாட்டில் 15 வயதுக்கு மேற்பட்டவர்களில் 97 சதவிகிதத்துக்கும் அதிகமானோர் அசைவம் சாப்பிடுகிறவர்கள். இது மத்திய அரசின் 2014ஆம் ஆண்டு மாதிரிப் பதிவுக் கணக்கெடுப்பு சொன்ன தகவல். அப்படியென்றால் அந்த வீடுகளெல்லாம் மீதி இருக்கும் சொச்சம் பேருக்காகவா கட்டப்பட்டவை?

இல்லை. அந்த அட்டைக்கு வேறு அர்த்தம். முஸ்லிம் வேண்டாம், கிறிஸ்தவர் வேண்டாம், தலித் வேண்டாம் என்று அட்டையில் எழுதினால் அசிங்கம். ‘சைவம் மட்டும்’ என்று எழுதினால் கௌரவம். பிரச்னை உண்மையிலேயே மீன் குழம்பு வாசனைதான் என்றால், வீட்டுக்காரர் கேட்க வேண்டிய ஒரே கேள்வி, “வீட்டுல என்ன சமைப்பீங்க?” என்பதுதான். ஆனால் என்ன கேட்கிறார்?

“முழுப் பேர் என்ன சார்?”

“சொந்த ஊர் எது?”

“அந்த ஊர்ல எந்தத் தெரு?”

கடைசிக் கேள்வியின் விஷம் தமிழ்நாட்டில் பிறந்த எல்லாருக்கும் புரியும். தெருவைச் சொன்னால் சாதி தெரிந்துவிடும். தெரிந்ததும், “இப்பதான் சார் ஒருத்தர் அட்வான்ஸ் குடுத்துட்டுப் போனார்” என்று பதில் வரும். அடுத்த வாரமும் அதே கேட்டில் அதே அட்டை ஆடிக்கொண்டிருக்கும்.

இதெல்லாம் கற்பனை என்பவர்களுக்கு ஒரு தகவல். பொருளாதார அறிஞர் சுகதேவ் தோரட்டும் அவருடைய சக ஆய்வாளர்களும் டெல்லியிலும் சுற்றியுள்ள நகரங்களிலும் ஒரு பரிசோதனை செய்தார்கள். வாடகைக்கு வீடு கேட்டு ஆட்களைப் பேசவைத்தார்கள். வசதி, தகுதியில் வித்தியாசம் இல்லை. சாதியும் மதமும் மட்டும் வேறு. தலித்துகளும் முஸ்லிம்களும் அதிகமாகத் திருப்பி அனுப்பப்பட்டார்கள். 2015இல் ‘எகனாமிக் அண்ட் பொலிட்டிகல் வீக்லி’யில் அந்த ஆய்வு வெளிவந்தது.

* * *

நம் ஊர் நாக்கு மட்டும் ரொம்பப் பரந்த மனசுக்காரர். பர்மாவிலிருந்து விரட்டப்பட்டு வந்தவர்கள் பாரிமுனையில் போட்ட அத்தோ கடை முன்னால் வரிசையில் நிற்போம். ரம்ஜான் வந்தால் திருவல்லிக்கேணிக்கு வண்டியை விடுவோம். சௌகார்பேட்டையில் கச்சோரி, ஜிலேபி. தெருமுனையில் மோமோ. எல்லா சமையலும் இனிக்கிறது. சமைக்கிறவர் மாடிப் போர்ஷனுக்குக் குடிவருகிறேன் என்றால் மட்டும் வாந்தி வருகிறது.

வடநாட்டுத் தொழிலாளர் கதை இன்னும் மோசம். நாம் போகும் மெட்ரோ ரயில் பாதை, ஐ.டி. கட்டடம், அப்பார்ட்மென்ட் என்று எதை எடுத்தாலும் பீகார், ஒடிசா, மேற்கு வங்கத்து ஆட்களின் வியர்வை இருக்கிறது. அடுக்குமாடி எழும்பும் வரை அவர்களுக்குத் தகரக் கொட்டகை. எழும்பிய பிறகு அந்தக் கட்டடத்தின் வாட்ச்மேன் அவர்களைக் கேட்டுக்குள் விட மாட்டார். “வடக்கனுக்கு வீடு குடுத்தா ஒரு ரூம்ல பத்துப் பேர் தங்குவான்” என்கிறார்கள். கௌரவமாக ஒரு குடும்பம் வந்து கேட்டால் கொடுப்பதில்லை. வேறு வழியில்லாமல் பத்துப் பேராகத் தங்கினால், அதையே காரணமாகக் காட்டுகிறோம். கதவைச் சாத்துவதும் நாம், “ஏன் வாசல்ல கூட்டம்?” என்று கேட்பதும் நாமே!

“பாதுகாப்பு சார்... காலம் கெட்டுக் கிடக்கு” என்பது அடுத்த வாதம்.

2012 பிப்ரவரியில் வேளச்சேரியில் ஐந்து பேரை வங்கிக் கொள்ளையர்கள் என்று சொல்லிப் போலீஸ் சுட்டுக் கொன்றது. கொல்லப்பட்டவர்கள் வெளிமாநிலத்தவர். உடனே சென்னை வீட்டுக்காரர்களுக்கெல்லாம், குடியிருப்பவர் விவரத்தைப் போலீஸில் கொடு என்று உத்தரவு வந்தது. ஐந்து பேருக்காக, ஹிந்தி பேசுகிற அத்தனை பேரும் சந்தேகப் பட்டியலில். உள்ளூர்க்காரன் திருடினால் ஒரு திருடன். வெளியூர்க்காரன் திருடினால் மாநிலமே திருட்டு மாநிலமா?

வதந்தி எதிர்ப்பக்கமும் பாயும். தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்களை அடித்துக் கொல்கிறார்கள் என்று 2023 மார்ச்சில் பொய் வீடியோக்கள் பரவின. பீகார் அரசு அதிகாரிகளை அனுப்பி விசாரித்தது. ‘எங்களைப் போய் இப்படிச் சொல்லலாமா!’ என்று நாம் கொதித்தோம். நியாயமான கொதிப்புதான். ஆனால் அந்தப் பயம் முளைக்கிற மண் எது? கொட்டகையில் தனியாக, ஊரோடு பேச்சுவார்த்தை இல்லாமல் வாழ்கிறவனிடம் எந்த வதந்தியும் செல்லுபடியாகும். பக்கத்து வீட்டு அக்கா ரேஷன் கடை எங்கே என்று வழிகாட்டுகிற தெருவில் அத்தனை சுலபமாக ஆகாது.

நாமும் வெளியூர்க்காரர்கள்தான் என்பது மறந்துபோகிறது. 1966இல் பம்பாயில் சிவசேனா பிறந்தபோது அதன் முதல் எதிரி ‘மதராஸி’. நம் வேட்டியையும் லுங்கியையும் கேலி செய்துதான் அந்தக் கட்சி வளர்ந்தது. 1991 டிசம்பரில் காவிரிக் கலவரத்தின்போது பெங்களூருவில் தமிழர்கள் உயிருக்கு ஓடினார்கள். சிங்கப்பூரில் ‘இந்தியர்களுக்கு வீடு இல்லை’ என்று வாடகை விளம்பரங்கள் வருவது 2014இல் உலகச் செய்தி ஆனது. இதைப் படித்தால் ரத்தம் கொதிக்கிறதா? கொதிக்கட்டும். அப்படியே வாசலுக்குப் போய் நம் வீட்டு அட்டையையும் ஒரு தடவை படித்துவிடலாம்.

* * *

“என் வீடு. நான் கட்டினது. யாருக்குக் குடுக்கணும்னு நீ யார்யா சொல்ல?” கடைசி அஸ்திரம் இதுதான்.

சொந்த வீட்டின் உரிமை முக்கியம்தான். வாடகை தராதவரை, வீட்டை நாசம் செய்பவரை வேண்டாம் என்று சொல்ல வீட்டுக்காரருக்கு முழு உரிமை உண்டு. ஆனால் வாடகைக்கு விடுவது ஒரு வியாபாரம். ஹோட்டல்காரர் தன் பணத்தில்தான் ஹோட்டல் கட்டுகிறார். “உன் சாதிக்கு இங்கே இட்லி இல்லை” என்று அவர் சொல்ல முடியாது. நம் அரசியல் சட்டத்தின் 15ஆவது பிரிவு கடை, ஹோட்டல், கிணறு, குளம், சாலை எல்லாவற்றையும் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. வாடகை வீடு அந்தப் பட்டியலில் இல்லை.

தீண்டாமையின் பெயரால் ஒருவர் குடியிருப்பதைத் தடுப்பது 1955ஆம் வருடத்துக் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டத்தின்படி குற்றம். ஆனால் எந்த ஓனர் காரணத்தை வாய்விட்டுச் சொல்கிறார்? மதம், மொழி, மாநிலம் என்றால் அந்த ஓட்டைச் சட்டமும் கிடையாது. 2005இல் உச்ச நீதிமன்றமே, அகமதாபாத்தில் ஒரு கூட்டுறவு வீட்டுச் சங்கம் பார்சிகளை மட்டும் உறுப்பினராக வைத்துக்கொள்ளலாம் என்று தீர்ப்பளித்துவிட்டது.

அமெரிக்கா என்ன செய்தது? மார்ட்டின் லூதர் கிங் சுடப்பட்ட ஒரே வாரத்தில், 1968 ஏப்ரலில், வீட்டு விஷயத்தில் இன, மத பேதம் பார்ப்பதைத் தடை செய்யும் சட்டம் வந்தது. தன் சின்ன வீட்டில் தானும் குடியிருந்துகொண்டு ஓரிரு போர்ஷனை வாடகைக்கு விடுபவருக்கு அதில் விலக்கும் உண்டு. அதே வருடம் பிரிட்டனும் சட்டம் கொண்டுவந்தது. சிங்கப்பூர் 1989இல் அரசுக் குடியிருப்புகளின் ஒவ்வொரு பிளாக்கிலும் சீனர், மலாய்க்காரர், இந்தியர் இத்தனை விகிதம்தான் என்று கோட்டா போட்டது. அதில் குறையும் உண்டு. கோட்டா நிரம்பிய பிளாக்கில் சிறுபான்மையினர் தங்கள் வீட்டை நல்ல விலைக்கு விற்க முடியாமல் திண்டாடினார்கள். ஆனாலும் சேர்ந்து வாழ்வது தானாக நடக்காது, அரசு அதற்காகக் கஷ்டப்பட வேண்டும் என்பதையாவது அந்த நாடு புரிந்துகொண்டது.

நாம் புரிந்துகொண்டது என்ன? 1707இல் கவர்னர் தாமஸ் பிட் காலத்தில், எந்தச் சாதி எந்தத் தெருவில் ஊர்வலம் போகலாம் என்று மதராஸில் வலங்கையும் இடங்கையும் அடித்துக்கொண்டன. தீர்வு? அவர்களுக்கு அந்தப் பேட்டை, இவர்களுக்கு இந்தப் பேட்டை. முன்னூறு வருடத்துக்கு அப்புறமும் அதே கணக்கு. நகரத்தின் நடுவில் இருந்த ஏழைகளைப் பெயர்த்து எடுத்துக் கண்ணகி நகரிலும் பெரும்பாக்கத்திலும் கொண்டுபோய்க் கொட்டினோம். 1997இல் அறிவிக்கப்பட்ட பெரியார் நினைவு சமத்துவபுரத்தில் 100 வீட்டில் 40 தலித்துகளுக்கு, 25 பிற்படுத்தப்பட்டவர்களுக்கு, 25 மிகவும் பிற்படுத்தப்பட்டவர்களுக்கு, 10 மற்றவர்களுக்கு. அது கிராமத்துக்கு. மாநகரத்துக்கு ஏன் அப்படி ஒரு கனவுகூட வரவில்லை?

தமிழக அரசின் 2017ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் கூடாது என்கிறது. ஒப்பந்தத்தைப் பதிவு செய் என்கிறது. புகாரை விசாரிக்க வாடகை அதிகாரியும் உண்டு. அதே சட்டத்தில் ஒரு பிரிவைச் சேருங்கள்: சாதி, மதம், மொழி, மாநிலம், சாப்பாடு ஆகியவற்றைக் காரணமாக்கி வீடு மறுத்தாலும், அப்படி விளம்பரம் செய்தாலும் அபராதம். ஒரே வீட்டுக்குள் அடுப்படியைப் பகிர்ந்துகொண்டு ஓர் அறையை மட்டும் விடுபவருக்கு விலக்கு கொடுங்கள், தப்பில்லை. மற்றவர்களுக்குக் கூடாது.

சட்டம் வந்தால் மனசு மாறிவிடுமா என்று கேட்பீர்கள். மாறாது. மனசு மாறுகிறவரை எங்கே தங்குவது என்பதுதான், கையில் மூட்டையோடு வாசலில் நிற்பவரின் கேள்வி.