சத்தம் நின்றால் கவனி!

திருவல்லிக்கேணி மேன்ஷனில் என் ரூம்மேட் குறட்டை விட்டால் பக்கத்து ரூம்காரர் சுவரைத் தட்டுவார். எனக்குப் பழகிவிட்டது. ஒருநாள் ராத்திரி சத்தம் சட்டென்று நின்றது. 'அப்பாடா' என்று புரண்டு படுத்தேன். பத்து செகண்ட்... இருபது செகண்ட்... மூச்சையே காணோம்! பதறிப்போய் எழுந்து உலுக்குவதற்குள், திணறிக்கொண்டு மறுபடி ஆரம்பித்தார் மனுஷன்.

ஒரு ராத்திரி முழுக்க டெஸ்ட் பண்ணிய டாக்டர் சொன்னார்: "தூக்கத்தில் தொண்டைத் தசை தளர்ந்து மூச்சுப் பாதையை அடைக்குது. சத்தம் வந்தா பாதை குறுகல். நின்னா ரோடே க்ளோஸ்!"

இதற்கு வழி கண்டவர் சிட்னி டாக்டர் காலின் சல்லிவன். மூக்கு வழியே காற்றை விடாமல் அழுத்திச் செலுத்தினால் தொண்டை மூடாது என்று 1981-ல் எழுதினார். அந்த மெஷின்தான் 'சிபாப்'. நண்பருக்கும் அதுவே வைத்தியம். கூடவே, எடையைக் குறை, ராத்திரி 'தண்ணி' தொடாதே, மல்லாந்து படுக்காதே!

ஆபீஸில் பைல் மேல் சாய்ந்து தூங்குகிறவரைக் கிண்டல் பண்ணுமுன், ராத்திரி அவர் ஒழுங்காக மூச்சு விட்டாரா என்று விசாரியுங்கள் சார். பைக்கில் வீட்டுக்குப் போகிறவர் அவர்.

இப்போது ரூமில் ஒரே நிசப்தம். நண்பர் நிம்மதியாகத் தூங்குகிறார். நான்தான் அடிக்கடி எழுந்து, மூச்சு வருகிறதா என்று பார்க்கிறேன்!