நிரம்பிய பை

எனக்குத் தெரிந்த இளைஞர் ஒருவர் போன மாதம் வீட்டுக்கு வந்திருந்தார். நான் ஒரு பழைய கம்ப்யூட்டர் விளையாட்டில் திணறிக்கொண்டிருந்ததைப் பார்த்து அவருக்கு மனம் இளகிவிட்டது. விளையாட்டின் பெயர் 'ரெசிடெண்ட் ஈவில்'. ஜப்பானின் காப்காம் கம்பெனி 1996-ல் ஷின்ஜி மிகாமியின் இயக்கத்தில் வெளியிட்டது. பிறகு கம்ப்யூட்டருக்கும் வந்தது. நாற்பதைத் தாண்டிய கதாசிரியன் நடுநிசியில் நடைப்பிணங்களோடு மல்லுக்கு நிற்பதா? "எதுக்கு சார் இந்த அவஸ்தை?" என்று ஒரு சின்னப் புரோகிராமைப் போட்டுக் கொடுத்துவிட்டுப் போனார்.

அது செய்வது சுலபமான காரியம். பையிலுள்ள ஒவ்வொரு பொருளும் கம்ப்யூட்டருக்கு ஓர் எண். அது எத்தனை இருக்கிறது என்பது இன்னோர் எண். அவற்றை மாற்றினால் போதும். பதினைந்து குண்டு கொள்ளும் கைத்துப்பாக்கியில் இருநூறு குண்டு! தேடிப் போகாத ஷாட்கன்னும் வந்து உட்கார்ந்துகொண்டது. சந்தோஷமாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன்? அரைமணி நேரம் கண்டதையெல்லாம் சுட்டுத் தள்ளினேன். பிறகு கொட்டாவி வந்தது.

"காசு கொடுத்து வாங்கியது, வீட்டில் தனியாக ஆடுகிறேன், யாரை ஏமாற்றுகிறேன்?" என்று இந்தக் கோஷ்டியார் கேட்கிறார்கள். யாரையும் இல்லை, நியாய அநியாயம் பேச நான் வரவில்லை. "தொல்லை வேண்டாம், கதை மட்டும் போதும்" என்கிறார்களே, அதுதான் எனக்கு ஆத்திரமூட்டுகிறது. கதை எங்கே இருக்கிறது என்று நினைத்தார்கள்?

அந்த மாளிகையில் ஓர் அறைச் சுவரில் ஷாட்கன் மாட்டியிருக்கிறது. அதை எடுத்துக்கொண்டு வெளியேறினால் பக்கத்து அறையில் கதவுகள் பூட்டிக்கொள்ளும். கூரை கீழே இறங்கும். ஜில் என்ற அந்தப் பெண் நசுங்கப் போகும் தருணத்தில் அவளுடைய சகா பாரி கதவை உடைத்து அவளைக் காப்பாற்றுகிறான். பின்னால்தான் விஷயம் தெரிகிறது: தன் குடும்பத்துக்கு ஆபத்து என்று மிரட்டப்பட்டு, அவளுக்கே துரோகம் செய்துகொண்டிருப்பவன் அந்தப் பாரி! உயிர் கொடுத்தவனே துரோகி என்றால் நெஞ்சு என்ன பாடுபடும்? எனக்கு ஒன்றும் படவில்லை. என் பையில்தான் ஷாட்கன் ஏற்கெனவே இருந்ததே! நான் அந்த அறைக்கே போகவில்லை, கூரை இறங்கவில்லை, பாரி வரவில்லை. அவன் துரோகம் எனக்கு எதிர்வீட்டு வம்பாகப் போயிற்று.

பை என்றேன். கிறிஸ் என்பவனாக ஆடினால் பையில் ஆறே இடம், ஜில்லுக்கு எட்டு. சாவியை எடுக்கப் பச்சிலையை விட வேண்டும். ஆட்டத்தைப் பதிவு செய்யவும் நினைத்த இடத்தில் முடியாது. டைப்ரைட்டர் இருக்கும் அறைக்குப் போய் ஒரு மை ரிப்பனைச் செலவழித்தாக வேண்டும். ரிப்பன்களோ எண்ணிக்கையில் அடங்கியவை. ஒரு டைப்ரைட்டர் ரிப்பனை வைத்து மனிதனை நடுங்க வைக்கும் யோசனை எழுத்தாளனான எனக்குத் தோன்றவில்லையே என்று இன்றும் பொறாமையாக இருக்கிறது. அந்த ரிப்பனை இருநூறாக்கிக் கொள்கிறவரை ரஸிகர் என்று எப்படி அழைப்பது?

மூன்று மணி நேரத்துக்குள் முடிப்பவனுக்குத் தீராத ராக்கெட் ஆயுதத்தைக் கம்பெனிக்காரனே பரிசளிக்கிறானே என்பார்கள். ஆமாம், அந்த வீட்டைக் கடந்து வந்தவனுக்குக் கொடுக்கிறான். பயந்து முடித்தவன் திரும்பி வந்து சிரித்துவிட்டுப் போகட்டும். கை சொன்னபடி கேட்காதவர்களோடும் எனக்கு வழக்கில்லை. இது எப்படிச் செய்யப்பட்டிருக்கிறது என்று எண்களைக் கிண்டிப் பார்க்கிறவர்களையும் நான் சொல்லவில்லை, அவர்கள் கெட்டிக்காரர்கள்.

முதலிலிருந்து ஆரம்பித்திருக்கிறேன். நேற்றிரவு துப்பாக்கியில் நாலு குண்டு, பையில் ஒரே ஒரு ரிப்பன். கதவுக்கு அப்பால் ஏதோ காலை இழுத்து நடக்கிற சத்தம். அந்த நேரத்தில் இளைஞர் போன் செய்து, "புரோகிராம் நன்றாக வேலை செய்கிறதா சார்?" என்று விசாரித்தார். "பேஷாகச் செய்கிறது" என்றேன். அழித்துவிட்டதை இன்னும் அவரிடம் சொல்லவில்லை.