பூதங்களாக்கப்பட்ட மனிதர்கள்: ‘தொலைந்த தங்க’க் கதைகளை முன்வைத்து

அண்மையில் வேலூரில் நடந்த இலக்கியக் கூடுகை ஒன்றில், நாம் பெரிதும் மதிக்கும் நண்பர் ஒருவர் உரையாற்றினார். அவர் பேச்சின் சாரம் இது: அமெரிக்கருக்கு அரிசோனாப் பாலை இருக்கிறது, அப்பாலையில் தொலைந்துபோன தங்கச் சுரங்கங்கள் இருக்கின்றன, அவற்றைக் காத்து நிற்கும் அபாச்சே வீரர்கள் இருக்கிறார்கள், ஆகவே அங்கே சாகசப் புனைவு பிறந்தது. நமக்கு வாய்த்ததோ வயலும் வாய்க்காலும். ஆகவே நம் சாகசங்கள் யாவும் இரவல். அரங்கம் கைதட்டியது. நாமும் தட்டினோம் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். இரவு வாலாஜாபேட்டைக்குத் திரும்பும் பேருந்தில்தான் அதற்காக வெட்கப்பட்டோம்.

நண்பர் அமெரிக்காவைப் பற்றிச் சொன்னது பிழை. நம்மைப் பற்றிச் சொன்னது அதனினும் பெரும் பிழை.

முதலில் நம் குற்றத்தைச் சொல்லிவிடுவோம். அக்கதைகளின் வசியத்துக்கு ஆட்பட்டவர்கள்தாம் நாமும். சிவகாசியிலிருந்து வந்த முத்து காமிக்ஸும் லயன் காமிக்ஸும் இல்லாதிருந்தால், எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் வளர்ந்த தமிழ்ச் சிறுவர் பலருக்கு அபாச்சே என்ற சொல்லே தெரிந்திராது. பிரெஞ்சில் ஷார்லியே எழுத ழிரோ வரைந்த புளூபெரி, தமிழில் கேப்டன் டைகராக வந்து சேர்ந்தார். அவருடைய ‘தங்கக் கல்லறை’யைப் பாடநூலுக்குள் மறைத்துவைத்துப் படித்து, பிடிபட்டு, பெஞ்சின் மேல் நின்றிருக்கிறோம். நமக்கு முந்தைய தலைமுறைக்கு ‘மெக்கன்னாஸ் கோல்டு’ (1969) திரைப்படம். இவற்றை மட்டமான வாசிப்பு என்று ஒதுக்கும் பேராசிரியப் பெருமக்களோடு நமக்கு உடன்பாடு இல்லை. அந்த வசியம் எதனால் ஆனது என்று கேட்காமலே வயது முதிர்ந்துவிடுவதோடுதான் நம் சண்டை.

அக்கதைகளின் எலும்புக்கூடு எளியது. புகழ்பெற்ற ‘டச்சுக்காரரின் தொலைந்த சுரங்க’த்தை எடுத்துக்கொள்வோம். டச்சுக்காரர் எனப்பட்ட யாக்கோப் வால்ட்ஸ் உண்மையில் ஜெர்மானியர். 1891இல் ஃபீனிக்ஸ் நகரில் இறந்தார். சூப்பர்ஸ்டிஷன் மலையில் தாம் கண்ட சுரங்கத்தின் அடையாளத்தைச் சாகுந்தறுவாயில் சொல்லிவிட்டுப் போனார் என்பது கதை. அன்றுதொட்டுத் தேடியவர்கள் பலர். 1931இல் தேடப்போன அடால்ஃப் ரூத் என்ற முதியவரின் மண்டையோடுதான் கிடைத்தது. ‘மெக்கன்னாஸ் கோல்டு’க்கு அடிப்படையான ஆடம்ஸ் கதையும் இதே வார்ப்புதான். பொன் இருக்குமிடம் ஒருவனுக்குத் தெரியும். அவன் செத்துப்போவான் அல்லது வழியை மறந்துபோவான். நமக்கும் பொன்னுக்கும் நடுவே அபாச்சேக்கள் நிற்பார்கள்.

இந்த மூன்றாம் உறுப்பை நம் பாட்டிமார் வேறு பெயரில் அறிவார்கள். நம் புதையல் கதைகளில் பொன்னைப் பூதம் காக்கும். பூதத்துக்குத் தாய் தகப்பன் இல்லை, ஊர் இல்லை, பசி உண்டு, பேச்சில்லை. அது ஏன் காக்கிறது என்று எவரும் கேட்பதில்லை. அதை ஏய்ப்பதும் கட்டுவதும் கதைத்தலைவனின் திறமை. அமெரிக்க எல்லைப்புறக் கதை செய்த ஒரே புதுமை, பூதம் இருந்த இடத்தில் உயிருள்ள மனிதக் கூட்டம் ஒன்றை நிறுத்தியதுதான். பாட்டியின் பூதத்தால் எவருக்கும் தீங்கில்லை. மனிதரைப் பூதமாக்கிய கதையோ ஒரு நிலப்பறிப்புக்குப் பின்பாட்டுப் பாடியது.

‘தொலைந்த தங்கம்’ என்ற தொடரை ஓர் இலக்கண ஆசிரியரின் கண்கொண்டு பாருங்கள். தொலைந்தது என்றால் யாருக்குத் தொலைந்தது? நான்காம் வேற்றுமை அங்கே விழுங்கப்பட்டிருக்கிறது. மலையில் வாழ்ந்தவருக்கு அங்கே எதுவும் தொலையவில்லை. வெளியிலிருந்து வந்தவர் தம் கைக்கு எட்டாததைத் ‘தொலைந்தது’ என்று பதிந்துகொண்டார். பதிந்தபின் தேடுதல் உரிமையாயிற்று.

நடந்தது என்ன? 1860இல் நியூ மெக்சிகோவின் பினோஸ் ஆல்டோஸில் பொன் கண்டு சுரங்கக்காரர்கள் வந்து குவிந்தார்கள். அது அபாச்சேக்களின் நிலம். அவர்களுடைய பெருந்தலைவர் மங்காஸ் கொலராடாஸ் 1863இல் சமாதானம் பேச வந்தபோது சிறைபிடிக்கப்பட்டு, காவலிலேயே கொல்லப்பட்டார். 1872இல் சான் கார்லோஸ் ஒதுக்கிடம் அவர்களுக்கு அளிக்கப்பட்டது. பிறகு கனிமம் கண்ட பகுதிகள் அதிலிருந்து ஒவ்வொன்றாக நறுக்கி எடுக்கப்பட்டன. 1886 செப்டம்பரில் ஜெரோனிமோ சரணடைந்தார். டச்சுக்காரர் கதை அதன் பிறகுதான் பரவியது என்பதைக் கவனிக்க வேண்டும். காவல் நின்றவர்கள் அகற்றப்பட்டபின், அவர்களைக் கதைக்குள் காவல் நிறுத்துவதில் எவருக்கும் ஆபத்தில்லை அல்லவா?

இது பழங்கதை என்று எண்ண வேண்டாம். சூப்பர்ஸ்டிஷன் மலை அமைந்த அதே டோன்டோ தேசிய வனத்தில்தான் அபாச்சேக்களின் புனிதத்தலமான ஓக் ஃபிளாட் இருக்கிறது. பெண்பிள்ளைகள் பருவமெய்தும்போது சடங்கு நிகழ்த்தும் மண் அது. அங்கே இப்போது தேடப்படுவது செம்பு. 2014இல் பாதுகாப்புத் துறைச் செலவுச் சட்டம் ஒன்றுக்குள் செருகப்பட்ட பிரிவின் வழியே, ரியோ டின்டோ, பி.எச்.பி. ஆகியவற்றின் கூட்டு நிறுவனத்துக்கு அந்நிலத்தை மாற்றிக்கொடுக்க வழிசெய்யப்பட்டது. தம் வழிபாட்டு உரிமையை முன்வைத்து அபாச்சேக்கள் தொடுத்த வழக்கை விசாரணைக்கு எடுக்க அமெரிக்க உச்சநீதிமன்றம் 2025 மே மாதம் மறுத்தது. தொலைந்த சுரங்கத்தைத் தேடி வார இறுதியில் மலையேறுகிறவர்களுக்கு இச்செய்தி எட்டுமா என்பது ஐயமே.

இனி நம் வீட்டுக்கு வருவோம். நமக்கு வயலும் வாய்க்காலும்தானாம்!

தென்னிந்தியாவின் முதல் பயணிகள் இரயில் 1856 ஜூலை முதல் நாள் இராயபுரத்திலிருந்து புறப்பட்டு வந்து சேர்ந்த இடம் நம் வாலாஜா ரோடு. அந்தத் தண்டவாளம் மேற்கே ஜோலார்பேட்டை வழியாக நீண்டு பெங்களூரை எட்டியது. இடையே பவுரிங்பேட்டை எனப்பட்ட இன்றைய பங்காரப்பேட்டையிலிருந்து ஒரு கிளை மாரிக்குப்பத்துக்குப் பிரிந்தது. அந்தக் கிளையின் முடிவில் இருப்பதுதான் கோலார் தங்கவயல். பழைய வடாற்காடு மாவட்டத்துச் சேரிகளிலிருந்து எத்தனை குடும்பங்கள் பஞ்சத்துக்கும் பண்ணை அடிமைத்தனத்துக்கும் தப்பி அங்கே போயின என்பதை நண்பர் அறியாதவர் அல்லர். அறிந்தும் அது அவருக்குக் கதைக்களமாகத் தோன்றவில்லை.

அங்கும் ‘கண்டுபிடித்தவர்’ ஒருவர் உண்டு. 1802இல் மைசூர் எல்லையை அளக்க வந்த லெப்டினன்ட் ஜான் வாரன், மண்ணில் பொன் இருப்பதாக வதந்தி கேட்டுப் பரிசு அறிவித்தார். உரிகம் கிராமத்து மக்கள் மாட்டுவண்டியில் மண்ணைக் கொண்டுவந்து அவர் கண்முன்னே கழுவிப் பொன்துகளைக் காட்டினார்கள். மாரிக்குப்பத்தில் ஆடவர் குழிகளிலிருந்து கற்களைக் கூடைகூடையாகக் கைமாற்றி மேலேற்றியதையும், பெண்டிர் அவற்றை இடித்துக் கழுவியதையும் வாரனே எழுதிவைத்தார். ஆக, எதுவும் தொலைந்திருக்கவில்லை. ஒன்றைச் சொல்லாமல் போனால் வாரனுக்கு அநீதி செய்தவராவோம்: இதே மனிதர்தான் பின்னாளில், தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் ஒருவர் சோழிகளைத் தரையில் பரப்பி, மனப்பாட வாய்பாடுகளைக்கொண்டு 1825ஆம் ஆண்டின் சந்திர கிரகணத்தைக் கணித்ததை ‘காலசங்கலித’ என்ற நூலில் வியந்து பதிவுசெய்தார். உள்ளூர் மக்களுக்கு அறிவுண்டு என்பதைக் காணும் கண் அவருக்கு இருந்தது. பின்வந்தவர்களுக்கு அது இல்லை.

அப்படிப் பின்வந்தவர் லவெல். நியூசிலாந்தில் மாவோரி மக்களுக்கு எதிரான போரில் பங்கேற்று, பெங்களூரில் குடியமர்ந்த அயர்லாந்துச் சிப்பாய். வாரனின் குறிப்பைப் படித்துவிட்டு 1871இல் மாட்டுவண்டியில் கோலாருக்குக் கிளம்பினார். 1880இல் ஜான் டெய்லர் நிறுவனம் வந்தது. அதே ஆண்டுகளில் தேவாலா, பந்தலூர்ப் பகுதியிலும் பொன்வெறி மூண்டு, இலண்டனில் நிறுவனங்கள் முளைத்துச் சில ஆண்டுகளில் சரிந்தன. பணியரும் குறும்பரும் வாழ்ந்த அக்காடுகள் பிறகு தேயிலைக்குப் போயின. கோலார் சரியவில்லை. ஜெரோனிமோ சரணடைந்த காலத்தில் சாம்பியன் ரீஃபில் வளமான படிவம் கிடைத்துவிட்டது. ஏறத்தாழ 120 ஆண்டுகளில் எண்ணூறு டன் பொன் வெளியேறியது. குழிகள் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே போயின. அந்த ஆழத்தில் பாறை கொதித்தது, வெடித்தது. நுரையீரலில் கல்தூசு படியும் சிலிகோசிஸ் நோய் இந்தியாவில் முதன்முதலாக 1934இல் பதிவானது இங்கேதான். நாற்பதுகளில் நடந்த ஆய்வொன்றில், சோதிக்கப்பட்ட தொழிலாளரில் நூற்றுக்கு நாற்பது பேருக்கு மேல் அந்நோய் இருந்தது. இருளும் காவலும் சாவும் பொன்னும் ஒருங்கே கூடிய இடம். சாகசத்துக்கு இன்னும் என்ன வேண்டும் நண்பருக்கு?

திரைப்படங்கள் உள்ளனவே என்பீர்கள். ‘கே.ஜி.எஃப்.’ (2018, 2022) படங்களை நம் மாணவர்கள் வசனம் தவறாமல் ஒப்பிக்கிறார்கள். அவற்றில் தொழிலாளர் வாயற்ற கும்பல். அவர்களை மீட்க வெளியிலிருந்து ஒரு மாவீரன் வர வேண்டியிருக்கிறது. மறுபடியும் பூதங்கள்தாம், இம்முறை கட்டுண்ட பூதங்கள். மெய்யான தங்கவயலின் தொழிலாளர்கள், தம்மைக் குற்றவாளிகளைப்போல் நடத்திய கைரேகைப் பதிவை எதிர்த்து 1930இல் எந்த மாவீரனும் இல்லாமல் வேலைநிறுத்தம் செய்தார்கள். பா. ரஞ்சித்தின் ‘தங்கலான்’ (2024) வடாற்காட்டிலிருந்தே தொடங்கியது. பொன்னைக் காப்பவளுக்கு ஒரு பெயரையும் வரலாற்றையும் கொடுத்து, தோண்ட வந்தவனே அவளுக்கு உறவினன் என்று கதையைத் திருப்பியது. படத்தின் இரைச்சலும் குழப்பமும் நமக்கு ஏற்புடையன அல்ல. ஆயினும் பூதத்தை மறுபடி மனுஷியாக்கும் துணிவு அதற்கு இருந்தது. நம் இலக்கியக் கூடுகைகள் அதனினும் பின்தங்கி நிற்பது ஏன்?

தமிழ் கற்பிப்பவர்களான நம்மை உறுத்துவது இன்னொன்று. தங்கவயல் வாய்பேசா இடமன்று. அச்சகம் வைத்திருந்த இடம். அயோத்திதாசப் பண்டிதரின் சாக்கிய பௌத்த இயக்கம் மாரிக்குப்பத்திலும் சாம்பியன் ரீஃபிலும் வேர்பிடித்தது. 1907இல் சென்னையில் அவர் தொடங்கிய ‘தமிழன்’ இதழை, அவர் மறைவுக்குப் பிறகு, இருபதுகளில் மீண்டும் நடத்தியது தங்கவயலிலிருந்து ஜி. அப்பாதுரையார். பண்டிதரின் நூல்களை அச்சிட்டுப் பரப்பியது அங்கிருந்த சித்தார்த்த புத்தகசாலை. மூன்று ஷிப்டுகளில் பாறை உடைத்தவர்கள் சந்தா கட்டிப் படித்தார்கள். 1999இல் ஞான. அலாய்சியஸ் தொகுப்பு வெளிவரும்வரை நம் துறைகளில் எத்தனை பேருக்கு இது தெரியும்? முதுகலை வகுப்பில் நமக்கு எவரும் சொல்லித்தரவில்லை. நாமும் பல ஆண்டுகள் நம் மாணவருக்குச் சொல்லித்தரவில்லை. இவ்விஷயத்தில் தொலைத்தவர் யார் என்று இலக்கணத்தில் தேட வேண்டியதில்லை, நாம்தான்.

2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கம் மூடப்பட்டது. எஞ்சியவை சயனைடு மலை என்று மக்கள் அழைக்கும் கழிவுக் குன்றுகள். காற்றடித்தால் அந்தத் தூசி வீடுகளுக்குள் படிகிறது. ஆயிரக்கணக்கானோர் விடியுமுன் இரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்குப் போய்வருகிறார்கள். அந்தக் குன்றுகளிலும் மிச்சப் பொன் உண்டென்று ஏலம்விடும் திட்டத்துக்கு 2024இல் கர்நாடக அமைச்சரவை இசைவு தந்தது. குன்றுகள் நமக்குப் புதியன அல்ல. இராணிப்பேட்டையில், தோல் பதனிடுதலுக்கான குரோமிய உப்புகளைச் செய்த ஆலை தொண்ணூறுகளில் மூடப்பட்டபோது விட்டுச்சென்ற நச்சுக் கழிவு ஒன்றரை லட்சம் டன்னுக்குக் குறையாது. அன்றிரவு பேருந்து இராணிப்பேட்டையைக் கடந்தபோதுதான் நமக்கு வெட்கம் வந்தது என்பதையும் இங்கே சொல்லிவிடுகிறோம்.

நம் வகுப்பில் இவ்வாண்டு ஒரு மாணவி இருக்கிறார். பேரணாம்பட்டுப் பக்கம். தகப்பனார் தோல் ஷாப்பில் வேலை. இக்கட்டுரைக்கான செய்திகளை வகுப்பில் பேசியபோது எழுந்து, “ஐயா, எங்க ஆயா மாரிக்குப்பத்துல பொறந்தவங்க. குழிக்குள்ள இறங்குறவங்க பாடுற பாட்டு அவங்களுக்குத் தெரியும். யாரும் கேட்டதில்ல” என்றார். ஆயாவுக்கு வயது எண்பத்தொன்று. வரும் ஞாயிறு அங்கே போகிறோம். ஒலிப்பதிவுக் கருவி ஏற்பாடாகிவிட்டது. கூடுகையில் பேசிய நண்பருக்கும் சொல்லி அனுப்பியிருக்கிறோம். இன்னும் பதில் வரவில்லை.