மலைக்கு வரலாறு கிடையாதாம்!

சென்ற மாதம் ஒரு விழா மலர் கைக்கு வந்தது. நம் மாவட்டத்தின் பெருமைகளைத் தொகுத்திருந்தார்கள். தியாகதுருகம் கோட்டைக்கு நான்கு பக்கம். பிரெஞ்சுக்காரர்களும் ஆங்கிலேயர்களும் அதற்காக அடித்துக்கொண்ட கதை. வேண்டியதுதான். கல்வராயன் மலைக்கு அரைப் பக்கம். அதிலும் மேகம் அருவி, பெரியார் அருவி, குளுகுளு காற்று. தொகுத்தவரைக் கேட்டேன். "மலையில என்ன சார் வரலாறு இருக்கு? கோட்டையா, கொத்தளமா?" என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. வெள்ளிமலைப் பக்கம் சில ஆண்டுகள் வாத்தியார் வேலை பார்த்தவன் நான்.

1948-லேயே சென்னை மாகாணத்தில் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்துவிட்டது. ஆனால் மலையில் சடைய கவுண்டர், குரும்ப கவுண்டர், ஆரிய கவுண்டர் என்று மூன்று ஜாகிர்கள் 1976 வரை நடந்தன. நெருக்கடி நிலைக் காலத்தில்தான் அரசு அவற்றை எடுத்துக்கொண்டது. நாம் கள்ளக்குறிச்சிக் கொட்டகையில் எம்.ஜி.ஆர். படத்துக்கு விசிலடித்துக்கொண்டிருந்த காலத்தில், மேலே ஒரு மனுஷன் தன் கொல்லையை உழுவதற்கு முன்னால் ஜாகிர்தார் கொல்லையில் கூலியில்லாமல் உழுதுவிட்டு வரவேண்டியிருந்தது. ஏருக்கு இவ்வளவு, கொத்துக்கு இவ்வளவு என்று வரி கட்டிய கதையை என் மாணவர்களின் தாத்தாக்கள் திண்ணையில் உட்கார்ந்து சொல்லக் கேட்டிருக்கிறேன். காஞ்சிபுரத்திலிருந்து அண்ணன் தம்பிகள் மூவர் கிளம்பி மலைக்கு மலை பிரிந்து குடியேறினார்கள் என்று தங்கள் பூர்வீகத்தையும் சொல்வார்கள். அது நடந்ததோ இல்லையோ, தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றி வைத்த கதை. நம்மில் எத்தனை பேருக்குக் கொள்ளுத்தாத்தா பெயர் தெரியும்?

இது வரலாறு இல்லையென்றால் வேறு எது?

மலை என்றால் நமக்கு உடனே சாராயம்தான் ஞாபகம் வருகிறது. 2024 ஜூனில் கருணாபுரம் உள்ளிட்ட இடங்களில் அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். அவர்களைக் கொன்றது மெத்தனால். அது ஆலைச் சரக்கு, மலையில் காய்ப்பதில்லை. ஆனாலும் பழி மலைமேல்தான் ஏறியது. மலையில் ஊறல் போடுவதில்லை என்று நான் சாதிக்க வரவில்லை. ஊறலுக்கு வேண்டிய வெல்லம் எங்கிருந்து ஏறுகிறது, காய்ச்சியதை யார் குடிக்கிறார்கள் என்று கீழே இருக்கும் நாமும் கொஞ்சம் யோசிக்கலாம். அந்தச் சாவுகளுக்குப் பிறகு உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து கேட்டபோதுதான் மலைக் கிராமங்களுக்கு ரோடு இல்லை, ஆஸ்பத்திரி இல்லை என்பது பேப்பரில் வந்தது. கோமுகி அணைத் தண்ணீர் அந்த மலையிலிருந்துதான் இறங்குகிறது என்பதோ, நம் வயலுக்குப் பாயும்போதுகூட நினைவுக்கு வருவதில்லை.

1976-ல் இருபது வயதிருந்தவருக்கு இன்று எழுபது. ஜாகிர் கொல்லையில் ஏர் பிடித்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். பட்டாவில் சர்வே எண் மட்டும் இருக்கும். ஒவ்வொரு கொல்லைக்கும் ஒரு பெயர் உண்டு. அது அவர்கள் வாயில் மட்டும்தான் இருக்கிறது. கோட்டைச் சுவர் இன்னும் நூறு வருஷம் நிற்கும், அதற்கு அவசரமில்லை.

இதைப் படிக்கிறவர்களில் அப்போது நில அளவைக்குச் சங்கிலியோடு மலையேறிய ரெவின்யூக்காரர்கள் இருப்பீர்கள், என்னைப்போல் வாத்தியார்களும் இருப்பீர்கள். எந்த ஊரில் யார் வீட்டில் தங்கினீர்கள், என்ன சொன்னார்கள், ஞாபகம் இருப்பதை எழுதி அனுப்புங்கள். அடுத்த மலருக்கு அரைப் பக்கத்தோடு நான் விடுவதாக இல்லை.