கொடி மாறினால் பத்திரம் செல்லாதா?

போன வாரம் புதுச்சேரி கடற்கரையில், நாங்கள் கிழவர்கள் கூடும் பெஞ்சில் பேச்சு நிலத்தில் வந்து நின்றது. ஒரு நண்பர், “பிரெஞ்சுக்காரன் போனதோட அவன் கொடுத்த காகிதமும் போச்சு சார்” என்றார். எனக்குச் சுருக்கென்றது. என் அப்பா தகரப் பெட்டியில் பூட்டி வைத்த வீட்டுப் பத்திரம் பிரெஞ்சில்தான் இருக்கிறது.

நண்பர் சொன்னது தவறு. ஆனால் அந்தத் தவறுக்கு வழி காட்டியது பெரிய நீதிமன்றங்களே!

பஞ்சமகால் பகுதியை 1860ல் சிந்தியா ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தார். பரம்பரையாக அங்கே நிலம் வைத்திருந்த தாலுக்தார்கள், “நாங்கள் சொந்தக்காரர்கள், குத்தகைக்காரர்கள் அல்ல” என்று லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனார்கள். 1924ல் வந்த பதில்: புதிய அரசு எதை ஏற்கிறதோ அதுதான் உரிமை, பழைய ஆட்சியில் இருந்த உரிமை உதவாது. ராஜாக்கள் கைமாற்றிக்கொண்டார்கள், தண்டனை குடிகளுக்கு! இது என்ன நியாயம்?

அமெரிக்காவைப் பாருங்கள். ஸ்பெயின் கவர்னர் 1815ல் புளோரிடாவில் பெர்ச்மன் என்ற ராணுவ வீரருக்கு 2,000 ஏக்கர் கொடுத்தார். 1819 ஒப்பந்தப்படி புளோரிடா அமெரிக்காவுக்குப் போனது. வழக்கு வந்தபோது 1833ல் தலைமை நீதிபதி மார்ஷல் சொன்னதன் சாரம்: மக்களின் விசுவாசம்தான் மாறுகிறது, அவர்கள் சொத்து அப்படியே இருக்கும். அந்த மண்ணின் பூர்வகுடிகளிடம் யாரும் கேட்கவில்லை என்பது வேறு கதை. ஆனாலும் அந்தக் கொள்கை சரியானது.

நம் சுதந்திர இந்தியா எதைப் பின்பற்றியது? சந்த்ராம்பூர் மன்னர் 1948 மார்ச்சில், இணைப்பு ஒப்பந்தத்துக்குச் சில நாட்கள் முன், சிலருக்குக் காட்டு உரிமை எழுதிக் கொடுத்தார். அது அரசைக் கட்டுப்படுத்தாது என்று 1964ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நீதிபதி சுப்பாராவ் மாறுபட்டு எழுதினார். மற்றவர்கள் பிரிவி கவுன்சில் பாதையிலேயே போனார்கள்.

“கிளம்பும் ராஜா கடைசி நேரத்தில் வாரி வழங்கினால் விட்டுவிடுவதா?” என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அதற்கும் அந்த 1819 ஒப்பந்தத்திலேயே விடை உண்டு. 1818 ஜனவரி 24க்குப் பின் கொடுத்தவை செல்லாது, முந்தியவை செல்லும் என்று தேதி குறித்தார்கள். மோசடியைத் தடுக்க ஒரு தேதி போதும். ஊரையே சந்தேகப்பட வேண்டியதில்லை.

நம் ஊருக்கு வருவோம். 1956 மே 28ல் கையெழுத்தாகி 1962ல் நடைமுறைக்கு வந்த ஒப்பந்தத்தின் 3வது பிரிவு, பிரெஞ்சு நிர்வாகத்தின் செயல்களால் இந்தப் பகுதிகளைக் கட்டுப்படுத்தும் உரிமைகளும் கடமைகளும் இந்திய அரசுக்கு வந்து சேரும் என்கிறது. நமக்கு இப்படி எழுதி வாங்க முடிந்தது. எழுதி வாங்காத ஊர்க்காரன் மட்டும் என்ன பாவம் செய்தான்?

ஆள்பவர் மாறினால் வரி கட்டும் இடம் மாறலாம். உழுதவனின் வரப்பு ஏன் மாற வேண்டும்? பிரிவி கவுன்சில் மேல்முறையீட்டை 1949லேயே நிறுத்திவிட்டோம். அதன் இந்தக் கொள்கையையும் அப்போதே கப்பலேற்றியிருக்க வேண்டும்.

அடுத்த வாரம் பெட்டியிலிருக்கும் பத்திரத்தை எடுத்துப்போய் நண்பரிடம் காட்டப் போகிறேன்.