ஜீன்ஸை வெளுக்கட்டும், ஆனால் மொட்டை மாடியில்

நல்ல ஜீன்ஸை பக்கெட்டில் முக்கி ப்ளீச் ஊற்றி வெளுக்கும் பேரன் பேத்திகளைப் பார்த்தால் நம் வயதுக்காரர்கள் தலையில் அடித்துக்கொள்கிறோம். "காசு கொடுத்து வாங்கிய துணியை ஏன் பாழாக்குகிறாய்?" என்று எல்லார் வீட்டிலும் ஒரே கேள்விதான். என் கட்சி வேறு. தாராளமாக வெளுக்கட்டும். எங்கே, எப்படி வெளுக்கிறார்கள் என்பதில் மட்டும் நாம் கண்டிப்பாக இருந்தால் போதும்.

துணி வெளுப்பது நமக்குப் புதிதா என்ன? உவர்மண்ணும் வெள்ளாவியும் பார்த்து வளர்ந்தவர்கள் நாம். வெள்ளை வேட்டிக்கு நீலம் போட்டோம். இவர்கள் நீலத் துணியிலிருந்து நீலத்தை எடுக்கிறார்கள். அவ்வளவுதான் வித்தியாசம்.

ஜீன்ஸ் துணியில் நெடுக்கே ஓடும் பாவு நூலுக்கு மட்டுமே அவுரி நீலம். குறுக்கே போகும் ஊடு நூல் வெள்ளை. அந்த நீலமும் நூலின் மேல்பரப்பில்தான் ஒட்டியிருக்கும், உள்ளே அதிகம் இறங்காது. அதனால்தான் உடுத்த உடுத்த முழங்காலிலும் தொடையிலும் தானாக வெளுக்கிறது.

இந்த வெளுப்பைப் புதுத் துணியிலேயே கொண்டுவரக் கடைக்காரர்கள் செய்ததைக் கேளுங்கள். துருக்கியில் சிறு பட்டறைகளில் காற்றழுத்தத்தோடு மணலைப் பீய்ச்சி ஜீன்ஸைத் தேய்த்தார்கள். அந்தத் தூசியைச் சுவாசித்த இளம் தொழிலாளர்களுக்கு சிலிகோசிஸ் என்ற நுரையீரல் நோய் வந்தது. இதைக் குணப்படுத்த மருந்து கிடையாது. 2009-ல் துருக்கி அரசு அந்த முறையைத் தடை செய்தது. யாரோ ஒரு பிள்ளையின் மூச்சைக் கொடுத்து வெளுத்த புது ஜீன்ஸை வாங்குவதைவிட, பழையதை வீட்டில் வெளுத்து இன்னும் இரண்டு வருஷம் உடுத்துவது மேல்.

ஆனால் நம் வீட்டுப் பிள்ளையின் மூச்சும் முக்கியம் அல்லவா? கடையில் வாங்கும் ப்ளீச் திரவம் சோடியம் ஹைப்போகுளோரைட். கக்கூஸ் கழுவ நாம் வைத்திருக்கும் ஆசிட் ஹைட்ரோகுளோரிக் அமிலம். இரண்டும் பெரும்பாலும் ஒரே குளியலறையில், ஒரே மூலையில் நிற்கும். இரண்டும் கலந்தால் குளோரின் வாயு கிளம்பும். முதல் உலகப் போரில், 1915-ல், ஜெர்மன் படை எதிரிகள் மீது திறந்துவிட்டது இதே வாயுவைத்தான். ஜன்னல் சாத்திய சின்னக் குளியலறையில் கொஞ்சம் கிளம்பினாலே ஆபத்து. வாடை போக வினிகர் ஊற்று என்று யாராவது சொன்னால் கேட்க வேண்டாம், அதுவும் அமிலம்தான்.

ஆகவே வேலை மொட்டை மாடியிலோ கொல்லையிலோ நடக்கட்டும். பிளாஸ்டிக் பக்கெட், கையில் ரப்பர் உறை, உடம்பில் பழைய சட்டை. முதலில் நிறையத் தண்ணீர், பிறகு அதில் கொஞ்சம் ப்ளீச். ஜீன்ஸை நனைத்துவிட்டுப் போடட்டும், ஐந்து நிமிஷத்துக்கு ஒருமுறை எடுத்துப் பார்க்கட்டும். வேண்டிய நிறம் வருவதற்குச் சற்று முன்பே எடுத்து நல்ல தண்ணீரில் நாலைந்து முறை அலச வேண்டும். அலசி முடிக்கும்வரை வெளுத்துக்கொண்டேதான் இருக்கும். ராத்திரி முழுக்க ஊறவைத்தால் பருத்தி நூல் இற்றுப்போகும். இழுத்தால் நீளும் ஜீன்ஸுக்கு இந்த வைத்தியமே கூடாது. அதிலுள்ள ரப்பர் போன்ற இழை மஞ்சளாகி, இழுவையும் போய்விடும்.

பேரனிடம் "செய்யாதே" என்று சொன்னால் கதவைச் சாத்திக்கொண்டு செய்வான். அதுதான் எனக்குப் பயம். ஒரு நாற்காலியை மாடிக்குக் கொண்டுபோய்ப் போட்டுக்கொண்டு கூடவே உட்காருங்கள். அதற்கு முன் அந்த ஆசிட் பாட்டிலைக் குளியலறையிலிருந்து எடுத்து வேறிடத்தில் வையுங்கள். ஜீன்ஸ் வெளுக்காத வீட்டிலும் இதை இன்றைக்கே செய்யலாம்.